கப்பலில் வந்த கதிர்க்கட்டு

1

போன வாரம் பினாங்குத் துறைமுகத்தின் சுங்கக் கூடத்தில், ஒரு கைப்பிடி நெற்கதிருக்காக மதியச் சாப்பாட்டை விட்டுவிட்டு நின்றோம். சென்னையிலிருந்து வந்த கப்பலில் மெய்யப்பன் இறங்கியிருந்தார். திருமயத்துப் பக்கத்து வியாபாரி; வருஷத்துக்கு ஒரு தடவை ஊருக்குப் போய் வருகிறவர். அவருடைய டிரங்குப் பெட்டியில் ஊறுகாய் ஜாடிக்கும் வேட்டிகளுக்கும் நடுவே, மஞ்சள் துணியில் சுற்றிய கதிர்க்கட்டு ஒன்று இருந்தது. அது அவருடையதல்ல. என்னோடு வந்திருந்த கறுப்பையாவுக்கு, பொன்னமராவதிக்கு மேற்கே ஒரு கிராமத்தில் இருக்கும் அவருடைய அக்கா அழகம்மா கொடுத்தனுப்பியது.

கறுப்பையா துறைமுகக் கிடங்கில் மேஸ்திரி. யுத்தத்துக்கு முன்பே கப்பலேறி வந்தவர். மலாய் பேசுவார், ஆனால் மூட்டை தூக்கவும் இறக்கவும் தேவையான மலாய்தான்.

"இது என்ன?" என்று கேட்டார் சுங்க அதிகாரி. இளவயது மலாய்க்காரர்.

"பாடி" என்றார் கறுப்பையா. மலாயில் நெல்லுக்கு அதுதான் பெயர்.

"அது தெரிகிறது. சாப்பிடவா, விதைக்கவா?"

இரண்டுக்கும் இல்லை என்று கறுப்பையா தலையாட்டினார். பிறகு எதற்கு என்று அதிகாரி கேட்டதும் அவருடைய மலாய் தீர்ந்துபோனது. என் பக்கம் திரும்பி, "மொறைக்கதிருன்னு இவருக்கு எப்புடிங்க சொல்றது?" என்றார்.

கறுப்பையாவின் மகள் லெட்சுமி இங்கே ஒரு ஆங்கிலப் பள்ளியில் ஆசிரியை. அவள் முன்னால் வந்து, தடங்கலில்லாத மலாயில், இது சாமி கும்பிடுவதற்கு என்று சொன்னாள்.

"சாமிக்கு இல்லத்தா. எனக்கு" என்றார் கறுப்பையா.

"சாமின்னு சொன்னாத்தான் விடுவாங்கப்பா. பேசாம இருங்க."

தமிழ் தெரியாவிட்டாலும் அப்பாவும் மகளும் ஒத்துப்போகவில்லை என்பது அதிகாரிக்குப் புரிந்துவிட்டது. உமியோடு தானியம் வெளிநாட்டிலிருந்து வரக்கூடாது, பயிர் நோய் வரும், விதி அப்படி என்றார். சொல்லிவிட்டு ஒரு கதிரை உள்ளங்கையில் தேய்த்து மணியைப் பார்த்தார். தன் தகப்பனார் கெடா மாநிலத்தில் விவசாயி என்றும், எங்கள் நெல் அங்கத்திய நெல்லைவிடக் குட்டை என்றும் சொன்னார். கறுப்பையாவின் முகத்தை ஒரு தடவை பார்த்தார். பிறகு உணவுக்கூடத்திலிருந்து ஒரு வாளி கொதிநீர் கொண்டுவரச் சொல்லி, கட்டைத் தன் கையாலேயே அதில் முக்கி எடுத்து, நீர் சொட்டச் சொட்டக் கொடுத்தார். முளைக்காத நெல்லைத் தடுக்கச் சொல்லி விதியில் எழுதவில்லையாம். அப்படியொரு அதிகாரியை நான் எங்கும் அதிகம் பார்த்ததில்லை.

2

அந்தக் கட்டு என்ன என்பதை ஊரில் இருந்து படிப்பவர்களுக்கும் சொல்லித்தான் ஆகவேண்டும். எல்லா ஊரிலும் அந்த வழக்கம் இல்லை.

அழகம்மாவின் கிராமத்தில் ஒரு பாசனக் கிணற்றைப் பங்காளிகள் இரண்டு மூன்று பேர் பகிர்ந்துகொள்வார்கள். இன்னாருக்கு இன்ன நாள் என்று முறை வைத்து, அந்த நாளில் அவரவர் மாடு கட்டிக் கமலை இறைத்துக்கொள்வார்கள். ஒரு பங்காளி ஊரில் இல்லை, அல்லது மாடு பிடிக்க ஆளில்லை என்றால், அவருடைய முறையை இன்னொருவர் எடுத்துப் பாய்ச்சிக்கொள்ளலாம். எழுத்து கிடையாது. அறுப்பு அன்றைக்கு, களத்துக்குப் போகும் முன், முதலில் அறுத்த அரியில் ஒரு கட்டைத் தலையில் வைத்துத் தெரு வழியாகக் கொண்டுபோய் முறைக்கு உடையவர் வீட்டில் கொடுத்துவிட வேண்டும். அதுதான் முறைக்கதிர். 'தண்ணீர் உங்களுடையது, பாய்ச்சியது நான்' என்று ஊர் பார்க்கச் சொல்வது.

கறுப்பையா கப்பலேறிய வருஷம் அவர்கள் வீட்டில் மிஞ்சியது வயதான தகப்பனாரும், கணவனை இழந்து தாய்வீட்டுக்குத் திரும்பிவிட்ட அழகம்மாவும்தான். மாடு பிடிக்க ஆளில்லை. வாரத்தில் பாதி நாள் அவர்களுடைய முறை. அதை மறுபாதிக்கு உடைய பங்காளி வெள்ளைச்சாமி எடுத்துக்கொண்டார். அறுப்புக்கு அறுப்பு கதிர் வந்தது. தகப்பனார் கண்மூடும் முன் நிலத்தையும் கிணற்றுப் பங்கையும் மகன் பேரிலும் மகள் பேரிலும் சேர்த்தே எழுதிவைத்தார். அவர் போன பிறகும் கதிர் வந்தது. அழகம்மா தண்ணீர் இல்லாமல் மானாவாரியாக வரகு விதைத்துக் காலம் தள்ளினார்.

பிறகு வெள்ளைச்சாமி கிணற்றை ஆழமாக வெட்டி, அந்தப் பக்கத்திலேயே முதலாவதாக ஒரு ஆயில் எஞ்சினைக் கொண்டுவந்து இறக்கினார். அந்த அறுப்புக்குக் கதிர் வரவில்லை.

"கதிரு எங்கண்ணே?" என்று அழகம்மா கேட்டிருக்கிறார்.

"இனிமே என்னத்தா கதிரு? எஞ்சினு யாரு வாங்குனா, நீயா வாங்குன?"

ஊரில் யாரைக் கேட்டாலும் ஒரே பதில்தான் வந்தது. அழகம்மா பொம்பளை, வழக்கு வம்புக்கு ஆம்பளை வேண்டும், கறுப்பையா வரட்டும். எங்கள் மாவட்டத்தில் பாதி வீடுகளில் ஒரு ஆள் கடலுக்கு அப்பால் இருக்கிறார். கல்யாணம், பாகப்பிரிவினை, வேலித் தகராறு எல்லாம் அவர் வரும்வரை காத்திருக்கும். கோர்ட்டும் காத்திருக்கும் என்றே எல்லோரும் நினைத்துக்கொள்கிறார்கள்.

3

கறுப்பையாவோ, அடுத்த தைக்கு வருகிறேன் என்று எழுதிக்கொண்டே இருந்தார்.

அவரை நான் குறை சொல்லமாட்டேன். இங்கிருந்து ஊருக்குப் போவது டிக்கெட் எடுப்பதோடு முடிகிற காரியமில்லை. திரும்பி வருவதற்கு அனுமதிச் சீட்டு வேண்டும். அதற்கு அடையாள அட்டை வேண்டும். அவருடைய அட்டையில் ஊர்ப் பெயரைத் தப்பும் தவறுமாக ஒரு குமாஸ்தா எழுதிவிட்டார்; பாஸ்போர்ட்டில் வேறு மாதிரி இருக்கிறது. இரண்டும் ஒரே ஆள்தான் என்று நிரூபிக்க ஒரு வருஷம் போனது. அனுமதி கிடைத்த வருஷம் மனைவிக்கு உடம்பு சரியில்லை. அதற்கடுத்த வருஷம் கிடங்கில் ஆள்குறைப்பு. போனால் வேலை இருக்காது. இங்கே வருஷங்கள் இப்படித்தான் கழிகின்றன. ஒவ்வொரு காரணமும் உண்மையானது. மலாயா என்று பழகிய வாய் மலேசியா என்று திருந்துவதற்குள் மகள் வளர்ந்து உத்தியோகத்துக்குப் போய்விட்டாள். அவளுக்குப் பொன்னமராவதி என்பது தபால் உறையின் பின்பக்கத்து எழுத்து.

மலேசியா ஆவதற்கு முந்தி, நான் ஊரில் இருந்த நாளில் எனக்குக் கறுப்பையாவைத் தெரியாது. நான் புதுக்கோட்டையில் ஒரு தினசரிக்குச் செய்தி அனுப்பிக்கொண்டிருந்தேன். காலையில் ஆஸ்பத்திரி, பதினோரு மணிக்கு கோர்ட்டு. அழகம்மாவை நான் முதலில் பார்த்தது கோர்ட்டுக்கு எதிரே, ஒரு வக்கீலின் ஆபீசில். செய்தி ஏதாவது கிடைக்குமா என்று போய் உட்கார்ந்திருந்தேன். அவர் தனியாக பஸ் ஏறி வந்திருந்தார்.

அவரை பஸ் ஏற வைத்தது ஒரு வாழைத்தோட்டம். கிணற்றில் அவர்கள் பக்கம் கமலை மாடு ஏறி இறங்க ஒரு சரிவு உண்டு. ஆண்டுக்கணக்கில் மாடே நடக்காவிட்டாலும் சரிவு இருந்தது. அதை வெள்ளைச்சாமி மண்போட்டு நிரவி வாழை வைத்துவிட்டார்.

4

"எத்தன வருஷமா அவரு பாச்சுறாரு?" என்று கேட்டார் வக்கீல்.

"யுத்தத்துக்கு முந்தி எந் தம்பி கப்பலேறுன வருஷத்துலருந்துங்க."

வக்கீல் பேனாவைக் கீழே வைத்தார். "இருவது வருஷம் ஆச்சேம்மா. பன்னெண்டு வருஷம் ஒருத்தர் தன்னுதுன்னு அனுபவிச்சுட்டா அப்புறம் கேக்கவே முடியாது. இத்தனை நாளா என்ன செஞ்சீங்க?"

"தம்பி வரட்டும்னு இருந்தேங்க."

"தம்பி எதுக்கு? பத்திரத்துல ஒங்க பேரும் இருக்கே. நீங்களே வழக்குப் போட்டிருக்கலாமே."

அழகம்மா பத்திரத்தைத் தன் பக்கம் திருப்பிப் பார்த்தார். "இத ஒருத்தரும் சொல்லலையேங்க" என்றார். அப்புறம், "அவன் கடலுக்கு அங்கிட்டு இருந்த வருஷத்தையெல்லாம் கோர்ட்டுல கழிக்க மாட்டாகளா?" என்று கேட்டார்.

வெளிநாட்டில் இருக்கும் ஒவ்வொருவரும் தெரிந்துகொள்ள வேண்டிய விஷயத்தை வக்கீல் அப்போதுதான் சொன்னார். வழக்குக்கு ஆளாகவேண்டியவன் தேசத்தைவிட்டு வெளியே இருந்தால், அந்தக் காலத்தைச் சட்டம் கழித்துவிடும். வழக்குப் போடவேண்டியவன் வெளியே இருந்தால் கழிக்காது.

"அதென்னங்க, ஓடிப்போனவனுக்கு ஒரு நாயம், பொழைக்கப் போனவனுக்கு ஒரு நாயமா?"

வக்கீல் சிரித்துவிட்டார். "ஓடிப்போனவனை எங்க தேடிப் புடிக்கிறது? அதுக்காக ஏமாந்தவன் நட்டப்படக் கூடாதுல்ல. ஒங்க தம்பி அப்புடியா? ஒரு பவர் பத்திரத்துல கையெழுத்துப் போட்டு தபால்ல அனுப்பியிருந்தாப் போதும்."

வழக்கு அந்த இடத்திலேயே செத்துவிட்டது என்றுதான் நான் நினைத்தேன். எழுந்திருக்கப் போன அழகம்மா, மனம் பொறுக்காமல், "கதிரையும் நிறுத்திப்புட்டு சரிவையும் மூடிப்புட்டாரே" என்று முணுமுணுத்தார்.

"எந்தக் கதிரு?" என்றார் வக்கீல்.

அழகம்மா சொல்லச் சொல்ல அவர் மறுபடி பேனாவை எடுத்தார். யார் கொண்டுவந்தது, எந்த வழியாக, யார் பார்த்தது, எப்போது நின்றது என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். கடைசிக் கேள்விக்கு அழகம்மா, "நம்ம புதுக்கோட்டை சமஸ்தானத்தத் திருச்சியோட சேத்தாகள்ல, அதுக்கு ரெண்டு அறுப்பு கழிச்சு" என்றார்.

சமஸ்தானம் சேர்ந்தது நாற்பத்தெட்டில். வக்கீல் விரலில் எண்ணிப் பார்த்துவிட்டு நாற்காலியில் சாய்ந்தார். "கதிர் குடுத்த வரைக்கும் அவரு ஒங்க அனுமதியில பாச்சுனாரு. அனுமதியில அனுபவிச்சா எத்தனை வருஷமானாலும் கணக்கே தொடங்காது. கதிரை நிறுத்துன அன்னைக்குத்தான் தொடங்குது. இன்னும் பன்னெண்டு ஆகலை." பிறகு என்னைப் பார்த்து, "ஆனா கதிர் குடுத்ததை அந்தாளு ஒத்துக்கணுமே" என்றார்.

5

முன்சீப் கோர்ட்டில் விசாரணை நடந்த நாளில் நான் பின்வரிசையில் இருந்தேன். முதலில் அழகம்மாவை எதிர்த்தரப்பு வக்கீல் குறுக்கு விசாரணை செய்தார். நியாயமான மனிதர், குரலை உயர்த்தவில்லை.

"கெணறு வெட்டுனதப் பாத்தீங்க. எஞ்சின் எறக்குனதப் பாத்தீங்க. எதுக்கு இத்தனை வருஷம் சும்மா இருந்தீங்க?"

"சும்மா இருக்கலைங்க. காத்துக்கிட்டு இருந்தேன்."

"சட்டத்துக்கு ரெண்டும் ஒண்ணுதாம்மா" என்றார் அவர்.

அடுத்து வெள்ளைச்சாமி கூண்டில் ஏறினார். நரைத்த மீசை, வெள்ளைத் துண்டு. இருபது வருஷமாகத் தன் அனுபவம், யாரும் கேட்டதில்லை என்று தன் வக்கீல் கேட்டதற்கெல்லாம் தெளிவாகச் சொன்னார். அப்புறம் அழகம்மாவின் வக்கீல் எழுந்து ஒரே கேள்வி கேட்டார்: "இந்தம்மா வீட்டுக்கு அறுப்புக்கு அறுப்பு முறைக்கதிர் கொண்டுபோய்க் குடுத்தீங்களா, இல்லையா?"

'இல்லை' என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். பார்த்த கிழவர்களில் பலர் இறந்துபோயிருந்தார்கள். மிச்சமிருந்தவர்களில் அவருக்கு எதிராகச் சாட்சி சொல்ல வந்தவர் எவருமில்லை. அது அவருக்கும் தெரியும். கூண்டின் கட்டையைப் பிடித்தபடி நின்றார். முன்சீப் எழுதுவதை நிறுத்திவிட்டு நிமிர்ந்து பார்த்தார்.

"குடுத்தேங்க."

"எதுக்காகக் குடுத்தீங்க?"

"மொற அவுகளுது. பாச்சுனது நானு. குடுக்காம எப்புடிங்க களத்துக்குக் கொண்டு போறது?"

"எப்ப நிறுத்துனீங்க?"

"எஞ்சினு வச்ச வருஷம்."

அவருடைய வக்கீல் தன் காகிதங்களை அடுக்க ஆரம்பித்துவிட்டார்.

வெளியே வேப்பமரத்தடியில் வெள்ளைச்சாமியின் மகன் குதித்தான். "இல்லைன்னு ஒரு சொல்லுச் சொன்னா என்ன? நாக்கு அறுந்தா போகும்?"

"தலையில வச்சுத் தெருவோட நடந்தேன்டா. ஊரு பாத்துச்சு. அதப் போயி நடக்கலைங்குறதா?" என்றார் அவர். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு பஸ் ஸ்டாண்டைப் பார்த்து நடந்தார். அதே பஸ்ஸில்தான் அழகம்மாவும் போக வேண்டும். ஒரே பஸ்ஸில் போனார்கள்.

அன்று சாயங்காலம் இதை எழுதி அனுப்பினேன். ஒரு கிணற்று வழக்கைப் பத்திரிகையில் போடுவதற்கு இடமில்லை என்று ஆசிரியர் சொல்லிவிட்டார். அவர் நிலையில் நானும் அப்படித்தான் சொல்லியிருப்பேன்.

6

தீர்ப்பில் அழகம்மாவுக்கு முறை திரும்பக் கிடைத்தது. சரிவை மீண்டும் திறந்துவிட வேண்டும் என்றும் உத்தரவானது. ஆனால் தாமதத்துக்கான விலையையும் முன்சீப் தீர்ப்பிலேயே எழுதியிருந்தார். எஞ்சினை எடுத்துவிட வேண்டும் என்று அழகம்மா கேட்டது தள்ளுபடியாயிற்று. கண்ணெதிரே ஒருவன் கைப்பொருளைப் போட்டு வெட்டவும் கட்டவும் விட்டுவிட்டு, ஆண்டுக்கணக்கில் கழித்து வந்து இடி என்று சொல்வதற்கு இல்லை. கிணறு ஆழப்படுத்திய செலவில் அழகம்மாவும் தன் பங்கைக் கொடுக்க வேண்டும். இழந்த விளைச்சலுக்கு ஈடு கேட்டதில் கடைசி மூன்று வருஷத்துக்கு முந்தியதைக் கேட்கவே வழியில்லை.

"அந்த அறுப்பெல்லாம் போனது போனதுதானாங்க?"

"போனதுதாம்மா" என்றார் வக்கீல்.

அழகம்மா சேலைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டார். "சரிங்க. எனக்குத் தண்ணி வேணும், வந்துருச்சு. எஞ்சினு கெடக்கட்டும். எம் மொறையன்னைக்கு எண்ணெய் நான் ஊத்திக்கிறேன்." அப்படியே நடந்தது என்று பின்னால் கேள்விப்பட்டேன். அழகம்மாவின் முறையன்று அந்த எஞ்சினை ஓட்டிக் கொடுப்பவர் வெள்ளைச்சாமிதானாம்.

சில வருஷங்களில் நானும் வேலை கிடைத்து இங்கே ஒரு தமிழ்ப் பத்திரிகைக்கு வந்தேன். கப்பல் செய்தி எடுக்கத் துறைமுகத்துக்குப் போன இடத்தில் ஒரு மேஸ்திரி, எந்த ஊர் என்று விசாரித்தார். இரண்டு கேள்விக்குள் அவர்தான் அந்தத் தம்பி என்று தெரிந்துவிட்டது. அவருக்கு வழக்கு முடிந்தது மட்டும்தான் தெரியும். கோர்ட்டில் நடந்ததை நான்தான் அவருக்கு முதலில் சொன்னேன். வெள்ளைச்சாமி சொன்ன பதிலை மட்டும் இன்னொரு தடவை சொல்லச் சொல்லிக் கேட்டார்.

7

அழகம்மா இப்போது தன் பாதியையும் தம்பியின் பாதியையும் சேர்த்தே பயிர் செய்கிறார். அதனால் வருஷா வருஷம், யார் கையிலாவது, தம்பியின் பாதிக்கு ஒரு முறைக்கதிர் கப்பலேறி வருகிறது. இந்தத் தடவை ஊருக்குக் கிளம்பிய மெய்யப்பனிடம் கறுப்பையா சொல்லியனுப்பியிருந்தார்: 'அக்காவே வச்சுக்கட்டும். இனிமே கதிர் அனுப்ப வேணாம்.'

சுங்கக் கூடத்திலிருந்து நேரே கறுப்பையாவின் வீட்டுக்குப் போனோம். ஈரக் கட்டைப் பலகையில் வைத்துவிட்டு எல்லோரும் உட்கார்ந்தோம். லெட்சுமி காப்பி கொண்டுவந்தாள்.

"வேணாம்னு சொல்லச் சொன்னேனே, சொன்னீங்களா?" என்று கேட்டார் கறுப்பையா.

"சொல்லாம இருப்பேனா?" என்றார் மெய்யப்பன். "நல்லா வாங்கிக் கட்டிக்கிட்டேன். 'கதிர நிறுத்துனா என்ன ஆகும்னு எனக்குத் தெரியும், நான் கோர்ட்டுல கேட்டவ. என்னைய இன்னொரு வெள்ளைச்சாமி ஆக்கப் பாக்குறானா? குடுக்கணும்னு நெனச்சா முறையா எழுதிக் குடுக்கச் சொல்லு, வாங்கிக்கிறேன். பேசாம இருந்து தானாப் போக விடாத, நான் விட மாட்டேன்'னு சொன்னாக. சொல்லிப்புட்டு இந்தக் கட்டையும் கையில குடுத்தாக."

லெட்சுமி சிரித்தாள். அத்தையை அவள் பார்த்ததில்லை. "அப்பா, அத்தை கரெக்டாத்தான் கேட்டிருக்காங்க. அந்த நிலம் நமக்கு எதுக்கு? நான் அங்க போகப் போறேனா? எழுதிக் கொடுத்துடுங்க."

மகள் சொன்னதில் அவருக்கு வலித்தது நிலமல்ல, 'நான் அங்க போகப் போறேனா' என்பதுதான் என்று நினைக்கிறேன். ஆனால் அவர் என்னிடம் கேட்டார்: "எழுதிக் குடுக்குறதுன்னா நேர்ல போகணுமா?"

"வேண்டியதில்லை. இங்க இந்திய அலுவலகத்துல அதிகாரி முன்னால ஒரு பவர் பத்திரத்துல கையெழுத்துப் போட்டு அனுப்பினா, அங்க ஒங்க சார்பா பதிவு பண்ணுவாங்க. அந்த வக்கீல் இன்னும் இருக்காரு. நான் எழுதுறேன்."

கறுப்பையா கதிர்க்கட்டை எடுத்து, மஞ்சள் துணியைப் பிரித்து, தண்ணீரைப் பிழிந்தார். கொதிநீர் பட்ட நெல் நிறம் மாறியிருந்தது. வேகவைத்த வாசனை வந்தது.

"எழுதிக் குடுத்துட்டா அக்காதான் முழுசுக்கும் ஒடமை."

"ஆமா."

"அப்புறம் கதிரு வராது."

"வராது" என்றேன்.

அவர் கட்டை மறுபடி சுற்றவில்லை. எழுந்துபோய் வாசல் நிலைக்கு மேலே, போன வருஷத்துக் கதிர் தொங்கிக்கொண்டிருந்த ஆணியிலேயே இதையும் சேர்த்து மாட்டினார். கீழே நின்று கொஞ்ச நேரம் பார்த்தார்.

"எப்பப்பா போகலாம்? நான் லீவு போடணும்" என்றாள் லெட்சுமி.

அவர் வாயிலிருந்து வழக்கமாக வரும் 'அடுத்த தைக்கு' என்ற சொல்லை எதிர்பார்த்துத்தான் மெய்யப்பனும் நானும் இருந்தோம். தை பிறக்க நிறைய நாள் இருந்தது.

"காலையிலேயே போயிருவோம்த்தா" என்றார் கறுப்பையா. "ஆபீசு எத்தன மணிக்குத் தொறப்பாக?"